விட்டில்ஸும் போசனும்

"அண்ணா, ஆபீஸ் மீட்டிங்ல victualsங்கற வார்த்தைய விக்சுவல்ஸ்னு வாசிச்சேன். அது விட்டில்ஸாம், எல்லாரும் சிரிச்சுட்டாங்க. இந்த மாதிரி அபூர்வமான இங்கிலீஷ் வார்த்தைங்க ஐநூற உச்சரிப்போட மனப்பாடம் பண்ணப் போறேன். எந்த ஆப் நல்லது?" வாசகர் ஒருத்தர் எழுதினது.

தம்பி, ஆப் எதுவா இருந்தா என்ன, நல்ல டிக்‌ஷனரி எல்லாத்துலயும் ஸ்பீக்கர் பட்டன் இருக்கு, அமுக்கிக் கேளுங்க. சிரிச்சவங்கள விடுங்க. விட்டில்ஸ்னா சாப்பாட்டுச் சாமான். பழைய பிரெஞ்சுலேர்ந்து வரும்போது அதுல 'சி' கிடையாது, லத்தீன் வேர் தெரியணும்னு படிச்சவங்க பின்னாடி சொருகினது, ஜனங்க வாய் மட்டும் மாறல. கடனுக்குச் சொல்ற டெட்ல இருக்கற 'பி'யும் அப்படி வந்ததுதான். எழுத்த நம்பி வாசிச்சதுல உங்க தப்பு ஒண்ணுமில்ல.

ஆனா ஐநூறு மனப்பாடம்ங்கறீங்க பாருங்க, அங்கதான் எனக்குக் கோவம் வருது. யார வாயடைக்க?

எங்க பெரியப்பா எட்டாங்கிளாஸ், கப்பல்ல டெக் வேலை. லீவுக்கு வந்தா திண்ணைல உக்காந்து "எங்க போசன் இருக்கானே"ன்னுதான் பேச்சையே ஆரம்பிப்பார், நங்கூரம், கயிறு, பெயின்ட்னு டெக் ஆளுங்கள மேய்க்கற மேஸ்திரி அந்த போசன். நான் அப்ப பிளஸ் ஒன், லைப்ரரி புக்ல அந்த வார்த்தைய எழுத்துல பாத்திருந்தேன். "போசன் இல்ல பெரியப்பா, போட்ஸ்வெய்ன்"னு நோட்டுல எழுதிக் காட்டினேன். கொஞ்ச நேரம் நோட்டையே பாத்துட்டு, "படிச்ச புள்ள சொன்னா சரியாத்தான் இருக்கும்"னார். அதுக்கப்பறம் என் முன்னாடி அவர் வாய்ல போசன் வரவேயில்ல, "எங்க மேஸ்திரி"ன்னுதான் சொன்னார்.

பல வருசம் கழிச்சு டிக்‌ஷனரில பட்டன அமுக்கினா, போசன்! அவர் போய்ச் சேந்து ரெண்டு வருசம் ஆயிருந்துச்சு.

கப்பலோட முன்பக்கத்த அவர் ஃபோக்ஸல்ம்பார், அதுவும் சரி. எழுத்துல ஃபோர்காசில், முன்கோட்டை. பழைய போர்க்கப்பல்ல வில்லாளிங்க நிக்க அங்க நிஜமாவே கோட்டை மாதிரி மேடை கட்டியிருந்தாங்க. மாலுமிங்க வாய்ல தேஞ்சு தேஞ்சு ஃபோக்ஸலாயிருச்சு. வேலை செய்யறவன் தேய்ச்ச வார்த்தை அது, லிஸ்ட்ல படிச்சா இதுல எது உங்களுக்குக் கிடைக்கும்?

தம்பி, விட்டில்ஸ் எந்த வரில வந்துச்சு, யார் யாருக்கு சாப்பாடு ஏத்தினாங்கன்னு நீங்க எழுதவேயில்லயே. மொதல்ல அத எழுதுங்க.