மனநல டாக்டரிலும் எந்த டாக்டர்?

போன மாதம் ஒரு பதிலில், மனநல மருத்துவத்திலும் குழந்தைகளுக்கு, முதியோருக்கு, போதைக்கு என்று தனித்தனிப் பிரிவுகள் உண்டு என்று போகிற போக்கில் எழுதிவிட்டேன். ‘எங்களுக்கு எந்தப் பிரிவு?’ என்று கடிதங்கள் குவிந்துவிட்டன. யார் திட்டினார்கள், யார் செய்வினை வைத்தார்கள் என்பதெல்லாம் பக்கம் பக்கமாக இருக்கிறது. எப்போது ஆரம்பித்தது என்பது மட்டும் பாதிக் கடிதங்களில் இல்லை. எந்த டாக்டரிடம் போவது என்பதை நோயின் பெயரைவிட அந்தத் தேதிதான் பல நேரம் சொல்லும். இனி எழுதுகிறவர்கள் முதல் வரியிலேயே அதைப் போட்டுவிடுங்கள்.

மாமனாருக்கு 76 வயது. இடுப்பெலும்பு ஆபரேஷன் முடிந்த இரண்டாம் நாள் ராத்திரி, செத்துப்போன அண்ணன் வாசலில் நிற்கிறார் என்று சொல்லி டிரிப்ஸைப் பிடுங்கிவிட்டார். காலையில் எங்களைக் கேட்காமலே ஒரு சைக்யாட்ரி டாக்டரை வரவழைத்துவிட்டார்கள். அவருக்கு என்ன பைத்தியமா? பில்லில் அதற்கும் காசு! – மருமகள், மயிலாப்பூர்

பில்லைப் பற்றி நான் ஒன்றும் சொல்வதற்கில்லை. ஆனால் டாக்டரை அழைத்தது சரிதான். பழைய ஆட்கள் ‘ஜன்னி’ என்பார்களே, கிட்டத்தட்ட அது. நாங்கள் டெலிரியம் என்போம். காலையில் தெளிவாகப் பேசுவார், இருட்டியதும் குழம்புவார். மனம் கெட்டுப்போனதால் வருவதில்லை. உடம்பில் ஏதோ கோளாறு, அது மூளையைக் கலக்குகிறது. சிறுநீர்த் தொற்று, ரத்தத்தில் சோடியம் இறங்குவது, மலச்சிக்கல், வலி, புதிதாகக் கொடுத்த தூக்க மாத்திரை, இவற்றில் ஒன்றோ இரண்டோ இருக்கும். வீட்டில் கழற்றி வைத்த மூக்குக்கண்ணாடியும் காது மெஷினும்கூடக் காரணமாகலாம். கண்ணும் காதும் இல்லாமல் புது இடத்தில் விழித்தால் யாருக்குத்தான் குழப்பம் வராது?

எலும்பு வார்டு, இதய வார்டு, டயாலிசிஸ் என்று மற்ற டாக்டர்களின் நோயாளிகளைப் போய்ப் பார்ப்பதே ஒரு தனிப் பிரிவு. அந்த டாக்டருக்கென்று கட்டில் கிடையாது. ஆஸ்பத்திரி முழுக்க நடப்பார். எங்கள் துறையிலேயே அதிகம் நடக்கிறவர்களும் குறைவாகப் பாராட்டுப் பெறுகிறவர்களும் அவர்கள்தான் என்பது என் கட்சி.

மூன்று மாதம் கழித்து மாமனாரின் ஞாபகசக்தியை ஒருமுறை பரிசோதித்துவிடுங்கள். அப்போது முதியோர் மனநல மருத்துவர் தேவைப்படலாம். ஆபரேஷனுக்கு முன்பே பெயர்கள் மறந்துகொண்டிருந்தாரா, எத்தனை மாதமாக என்பதுதான் அவர் கேட்கும் முதல் கேள்வி.

வீட்டுக்காரர் ஆட்டோ ஓட்டுகிறார். தினமும் டாஸ்மாக். மெடிக்கல்ஸில் ஒரு மாத்திரை வாங்கிச் சாம்பாரில் கலந்து கொடு, குடியையே விட்டுவிடுவார் என்கிறார் பக்கத்து வீட்டு அக்கா. கலக்கலாமா? – வாசகி, வியாசர்பாடி

கலக்காதே அம்மா. அக்கா சொல்வது டைசல்ஃபிராம் மாத்திரையை. அது உடம்பில் இருக்கும்போது குடித்தால் முகம் சிவந்து, நெஞ்சு படபடத்து, வாந்தி வந்து, ரத்த அழுத்தம் விழும். உயிரே போகலாம். மாத்திரையை நிறுத்திய பிறகும் இரண்டு வாரம்வரை அந்த ஆபத்து உண்டு. தெரிந்து, சம்மதித்துச் சாப்பிடுகிறவருக்கு, கல்லீரலையும் இதயத்தையும் பார்த்த பிறகு டாக்டர் தரும் மருந்து அது. சாம்பார் வழியாகப் போனால் அவருக்கு என்ன ஆகிறதென்று அவருக்கே தெரியாது.

இன்னொன்று, தினமும் குடிக்கிறவரை அறையில் பூட்டி வைத்து ‘இன்றோடு நிறுத்து’ என்றும் சொல்லிவிடாதே. நிறுத்திய முதல் இரண்டு நாளில் வலிப்பு வரலாம். இரண்டாம் நாளிலிருந்து நான்காம் நாளுக்குள் கை நடுங்கி, வியர்த்து, சுவரில் பூச்சி ஊர்கிறது என்று பேச ஆரம்பித்தால் அது எமர்ஜென்சி, 108-ஐக் கூப்பிடு. அதனால்தான் போதை மறுவாழ்வு டாக்டர் வந்ததும் ‘கடைசியாக எப்போது குடித்தீர்கள், எத்தனை மணிக்கு?’ என்று கேட்பார். வைட்டமின் பி1 ஊசி போட்டு, நடுக்கத்துக்கு மருந்து கொடுத்து, குடியிலிருந்து பத்திரமாக இறக்குவார். குடிக்கும் ஆசையைக் குறைக்கும் மருந்துகள் வேறு இருக்கின்றன. இந்தப் பிரிவில் வீட்டுக்காரரோடு உன்னையும் உட்கார வைப்பார்கள். சென்னையில் சாந்தி ரங்கநாதன் 1980-ல் ஆரம்பித்த டி.டி.ரங்கநாதன் போதை சிகிச்சை மையத்தில் குடும்பத்தாருக்கென்றே தனிப் பயிற்சி உண்டு. வீட்டுக்காரர் வர மறுத்தாலும் நீ மட்டும் முதலில் போய்ப் பேசலாம்.

மகளுக்குப் பிரசவமாகி ஒன்பது நாள். மூன்று நாளாகத் தூக்கமே இல்லை. ‘இது என் குழந்தை இல்லை, மாற்றிவிட்டார்கள்’ என்கிறாள். சம்பந்தி வீட்டில் கோயிலுக்குக் கூட்டிப்போகச் சொல்கிறார்கள். – தாய், தாம்பரம்

இந்தக் கடிதம் கிடைத்த அன்றே இவர்களிடம் போனில் பேசிவிட்டேன். பெண் ஆஸ்பத்திரியில் சேர்ந்து தூங்க ஆரம்பித்துவிட்டாள். மற்றவர்களுக்காக எழுதுகிறேன். பிரசவத்துக்குப் பின் வாரக்கணக்கில் அழுகையும் சோர்வுமாக இருந்தால் மனச்சோர்வாக இருக்கலாம். அது நிறையப் பேருக்கு வருகிறது, டாக்டரைப் பார்க்க நாள் குறித்துப் போகலாம். முதல் இரண்டு வாரத்துக்குள் தூக்கம் அடியோடு போய், பேச்சே மாறினால் கதை வேறு. ஆயிரம் பிரசவத்தில் ஒன்றிரண்டு பேருக்கு வருகிற சைக்கோசிஸ் அது, நிஜம் எது என்றே தெரியாமல் போகிற நிலை. அன்றைக்கே ஆஸ்பத்திரி. தாயையும் சிசுவையும் அந்தச் சமயத்தில் தனியே விடக்கூடாது. கோயிலுக்கு அவள் தேறிய பிறகு குழந்தையோடு போகலாம், நானும் வருகிறேன்.

கர்ப்பிணிகளையும் பிரசவித்தவர்களையும் பார்ப்பது ஒரு தனிப் பிரிவு. பெங்களூரு நிம்ஹான்ஸ் மனநல மருத்துவமனையில் தாயையும் குழந்தையையும் சேர்த்தே அனுமதிக்கிற வார்டு இருக்கிறது. இங்கே அப்படி ஒன்றைத் தேடி அலைந்து ஒருநாளைக்கூட வீணாக்க வேண்டாம். பிரசவப் பிரிவும் மனநலப் பிரிவும் ஒரே வளாகத்தில் இருக்கிற எந்த மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரியும் போதும்.

அப்பாவுக்கு 81. நங்கநல்லூர் வீட்டை எனக்கு எழுதிவைக்க விரும்புகிறார். ‘சைக்யாட்ரி சர்ட்டிஃபிகேட் இல்லாமல் உயில் செல்லாது’ என்கிறார் அண்ணன். – வாசகர்

அப்படிச் சட்டம் எதுவும் இல்லை. ஆனால் அண்ணன் இப்போதே இப்படிப் பேசுகிறார் என்றால் வாங்கிவைப்பது புத்திசாலித்தனம். தனக்கு என்னென்ன சொத்து, வாரிசு யார் யார், யாருக்கு எதை ஏன் கொடுக்கிறோம் என்று அப்பா தானாகச் சொல்ல வேண்டும். நீங்கள் அறைக்கு வெளியே இருங்கள். மறதி நோய் என்று சீட்டில் இருப்பதாலேயே உயில் செல்லாமல் போய்விடாது. எழுதிய அன்று தெளிவு இருந்ததா என்பதுதான் கேள்வி. இங்கேயும் தேதி! சட்டம் சார்ந்த மனநல மருத்துவம் என்று இதற்கொரு பிரிவு உண்டு. கொலை வழக்கில் ‘சித்தசுவாதீனம் இல்லை’ என்ற வாதம் வந்தால் பரிசோதிப்பவரும் இந்தப் பிரிவு டாக்டரே. சினிமாவில் வருவது அந்த வேலை மட்டும்தான்.

கீழ்ப்பாக்கத்தில் சேர்த்தால் வெளியே விடமாட்டார்களாமே? – மூவர் கேட்டிருக்கிறீர்கள்

கீழ்ப்பாக்கம் மனநல ஆஸ்பத்திரி 1794-ல் கிழக்கிந்தியக் கம்பெனி காலத்தில் ஆரம்பித்தது. கீழ்ப்பாக்கத்துக்கு வந்தது 1871-ல். அந்தக் காலத்துப் பயம் இன்னும் ஊர் வாயில் இருக்கிறது. 2017-ம் ஆண்டு மனநலச் சட்டப்படி, தானாக வந்து சேர்ந்தவர் கேட்டால் அனுப்பத்தான் வேண்டும். டாக்டருக்குச் சந்தேகம் இருந்தால் 24 மணி நேரம் வைத்துப் பார்க்கலாம். தானாக முடிவெடுக்க முடியாத நிலையில் குடும்பத்தார் சேர்த்தால் முதலில் 30 நாள்வரை, அதையும் இந்தச் சட்டப்படி அமைந்த மனநல மறுஆய்வு வாரியத்துக்குத் தெரிவிக்க வேண்டும். அங்கே பலர் வருடக்கணக்கில் தங்கிப்போனதற்குப் பூட்டு காரணமில்லை. கூட்டிப்போக வீட்டிலிருந்து யாரும் வரவில்லை. அங்கே பொறுப்பாளராக இருந்த டாக்டர் சாரதா மேனன் ஓய்வுக்குப் பிறகு 1984-ல் ஸ்கார்ஃப் அமைப்பை ஆரம்பித்தார். மனச்சிதைவுக்கு மருந்தோடு வேலையும் வீடும் வேண்டும் என்று பார்க்கிற இடம் அது.

சைக்காலஜிஸ்ட், சைக்யாட்ரிஸ்ட் வித்தியாசம்? – மாணவி, அம்பத்தூர்

முன்னவர் மனோதத்துவம் படித்தவர். பேச்சு, பரிசோதனை, பயிற்சி. பின்னவர் எம்.பி.பி.எஸ். முடித்து மேற்படிப்புப் படித்த டாக்டர், மருந்தும் எழுதலாம். இருவரும் சேர்ந்து பார்த்தால் நல்லது. எந்தப் பிரிவு என்று தெரியாவிட்டால் பக்கத்திலிருக்கும் பொது மனநல டாக்டரிடம் போங்கள், அல்லது அரசின் மனநல உதவி எண் 14416-க்குப் போன் பண்ணுங்கள், தமிழில் பேசுவார்கள்.

மகனுக்கு ஏழு வயது. வகுப்பில் உட்காரவே மாட்டேன் என்கிறானாம். மாத்திரை கொடுக்கச் சொல்லி டீச்சர் எழுதி அனுப்பியிருக்கிறார். – தந்தை, வேளச்சேரி

மாத்திரை எழுதுவது டீச்சரின் வேலையில்லை, ஆனால் அவர் பார்த்தது முக்கியம். முதலில் காதும் கண்ணும் பரிசோதியுங்கள். பிறகு குழந்தைகள் மனநல டாக்டர். வீட்டிலும் இப்படியா, ஆறு மாதமாகவா, இந்த ஜூனில் பள்ளி மாறியதிலிருந்தா என்று கேட்பார். ஆறு மாதமாக வீட்டிலும் பள்ளியிலும் இப்படித்தான் என்றால் ஏடிஎச்டி என்கிற கவனக் குறைபாடா என்று யோசிப்பார். பள்ளியில் மட்டும், ஜூனிலிருந்து மட்டும் என்றால் அந்த வகுப்பறையைத்தான் முதலில் விசாரிக்க வேண்டும். டீச்சரின் குறிப்பை எடுத்துப்போங்கள். ரேங்க் கார்டைக் கடிதத்தோடு எனக்கு அனுப்பிவிட்டீர்கள். தபாலில் திருப்பி அனுப்பச் சொல்லியிருக்கிறேன், கையெழுத்துப் போட்டுப் பள்ளியில் கொடுத்துவிடுங்கள்.