துள்ளுகிற மெட்டு – கடிதம்

அன்புள்ள ஐயா,

தென்னாப்பிரிக்க நிறவெறிக்கு எதிரான பாடல்களைத் தேடித்தேடிக் கேட்டேன். பாதிப் பாடல்கள் கல்யாண வீட்டில் போடுகிற மாதிரி குதூகலமாக இருக்கின்றன. ‘மெடோலாண்ட்ஸ்’ கேட்டு ஏமாந்துபோனேன். வீட்டை இடிக்கும்போது இப்படியா பாடுவார்கள்? நல்லதாக ஒரு பத்துப் பாடல் சொல்ல முடியுமா?

ர.

அன்புள்ள ர.,

பத்துப் பாட்டுக்கு யூடியூப் இருக்கிறது, விடுங்கள். ‘ஏமாந்துபோனேன்’ என்றீர்களே, அதுதான் இரண்டு நாளாகக் குடைகிறது.

1955 பிப்ரவரியில் ஜோகன்னஸ்பர்க்கில் கறுப்பர்கள் வாழ்ந்த சோஃபியாடவுன் பகுதிக்குள் போலீஸ் இறங்கி, குடும்பங்களைச் சட்டிபானையோடு லாரியில் ஏற்றி மெடோலாண்ட்ஸ் என்கிற புதுக் குடியிருப்பில் கொண்டுபோய்த் தள்ளியது. அடுத்த வருஷம் ஸ்ட்ரைக் விலகாஸி என்கிற பாடலாசிரியர் இந்தப் பாட்டை எழுதினார். மெட்டு துள்ளுகிறதா, அரசாங்கம் நம்மைத்தான் பாராட்டுகிறார்கள் என்று நினைத்துக்கொண்டதாம். நடுவில் தெருப்பையன்களின் கொச்சையில் ஒரு வரி வரும்: ‘நாங்க போகமாட்டோம், இங்கேயேதான் இருப்போம்.’ அந்த அதிகாரிகள் காதில் விழாதது உங்கள் காதிலும் விழவில்லை. கோபித்துக்கொள்ளாதீர்கள், அப்படித்தான் சொல்ல வேண்டியிருக்கிறது.

எனக்கு எட்டு வயதிருக்கும்போது அப்பா வேலை பார்த்த மில்லில் ஸ்டிரைக். வாசலில் பந்தல் போட்டு, தகர டப்பாவில் தாளம் தட்டி, சினிமா மெட்டில் மேனேஜரைக் கிண்டலடித்துப் பாடுவார்கள். நான் முன்வரிசையில் உட்கார்ந்து விழுந்து விழுந்து சிரிப்பேன். எல்லாரையும்விடச் சத்தமாகப் பாடியது அப்பாதான். வீட்டுக்கு வந்தால் பேச்சே இருக்காது. அரிசிப் பானையின் அடியில் அம்மாவின் ஆழாக்கு உரசுகிற சத்தம் மட்டும் கேட்கும். அழுதுகொண்டு வருகிறவர்களை என்ன செய்வதென்று மேனேஜருக்குத் தெரியும். சிரித்துக்கொண்டு பாடுகிறவர்களிடம்தான் மனுஷன் திணறிப்போனார்.

அப்புறம் வுயிசிலே மினி. போர்ட் எலிசபெத் தொழிற்சங்கக்காரர், கனத்த அடிக்குரல். ‘பார்த்துக்கொள் ஃபெர்வூர்ட், இதோ கறுப்பு மனிதன் வருகிறான்’ என்று ஆட்சியில் இருந்தவனையே பேர் சொல்லிப் பாட்டுக் கட்டினார். வார்த்தையை எடுத்துவிட்டால் அந்த மெட்டுக்குக் குழந்தைகள் கும்மியடிக்கலாம். 1964 நவம்பர் 6 அன்று பிரிட்டோரியா சிறையில் அவரைத் தூக்கிலிட்டார்கள். தூக்குமேடைக்குப் பாடிக்கொண்டே நடந்தார். அவரிடம் போய் ‘ஐயா, பாட்டில் சோகம் பத்தவில்லையே’ என்பீர்களா?

சோகம்தான் வேண்டுமென்றால் ‘சென்ஸேனி நா’ இருக்கிறது. ‘நாங்கள் என்ன செய்தோம்’ என்ற ஒரே கேள்வி, திரும்பத் திரும்ப, சவ ஊர்வலம் முழுக்க. கேளுங்கள். ஆனால் முதலில் மெடோலாண்ட்ஸை இன்னொரு தடவை, சத்தத்தைக் கொஞ்சம் கூட்டி வைத்து.