கீழக்கரை வீட்டுக்கு எந்த ஸ்பீக்கர்?

நண்பரே, 10க்கு 12 அடி அறை, 25 வாட் ஆம்ப் (ஆம்ப்ளிஃபயர்), சுவரை ஒட்டித்தான் வைக்க முடியும் என்கிறீர்கள். அப்படியானால் பெட்டியின் பின்பக்கம் காற்றுத் துளை உள்ள ஸ்பீக்கர் வேண்டாம். பாஸ் (அடித்தொனி) ஊதிப்போய்க் குரலை அமுக்கிவிடும். துளையே இல்லாத மூடிய பெட்டி கிடைத்தால் அதுதான் மேல், இல்லையேல் முன்பக்கத் துளை. சென்சிட்டிவிட்டி, அதாவது ஒரு வாட்டுக்கு எவ்வளவு சத்தம் தரும் என்ற அளவு, 88 டெசிபலாவது இருக்கட்டும். 85 என்றால் அதே சத்தத்துக்கு இரட்டிப்பு வாட் கேட்கும்.

நம்ம ஊரில் மாடலைவிட உப்புக்காற்றுதான் பெரிய விஷயம். கூம்பின் விளிம்பு ரப்பரா என்று பாருங்கள். ஃபோம் என்றால் சில வருஷத்தில் விரல் பட்டாலே பொடியாக உதிரும். ஒயர் 16 கேஜ் (தடிமன் அளவு) சுத்தச் செம்பு. செம்பு பூசிய அலுமினியம் வாங்கவே வாங்காதீர்கள். சீவிய நுனி பச்சை பூத்தால் ஒரு பக்கம் சத்தம் கரகரக்கும். அரை அங்குலம் வெட்டி, புதிதாகச் சீவி, ஒயர் நுனியில் மாட்டும் பனானா பிளக்கில் இறுக்கி, மேலே சூடு காட்டினால் சுருங்கி இறுகும் ஹீட் ஷ்ரிங்க் ஸ்லீவ் போடுங்கள்.