12 லட்சம் ரூபாய்க் கேமராவைக் கடனில் வாங்கலாமா?

கேள்வி: சென்னையில் 11 ஆண்டுகளாக ஆவணப்பட ஒளிப்பதிவாளராக இருக்கிறேன். ஆண்டுக்கு 70 நாள் வேலை. நாளுக்கு 20,000 ரூபாய். 10 சதவீதத்தை டிடிஎஸ், அதாவது முன்கூட்டியே கழிக்கும் வருமான வரி, என்று பிடித்துக்கொண்டு தருகிறார்கள். நாற்பது நாளுக்குத் தயாரிப்பாளரே கேமரா தந்துவிடுவார். மற்ற நாட்களுக்கு நாளுக்கு 6,000 ரூபாய் கேமரா வாடகை, அதையும் அவரே கொடுப்பார். 12 லட்சம் ரூபாய்க் கேமராவை 13 சதவீத வட்டியில் ஐந்தாண்டுக் கடனில் வாங்கலாமா? வருமான வரிக் கணக்கு தாக்கல் செய்ததே இல்லை.

பதில்: வேண்டாம். மாதத் தவணை ஏறத்தாழ 27,300 ரூபாய், ஆண்டுக்கு 3.28 லட்சம். சொந்தக் கேமராவுக்கு 30 நாள் வாடகை வந்தாலும் 1.8 லட்சம்தான். மிச்சம் 1.48 லட்சத்தை உங்கள் கூலியிலிருந்து எடுத்துக் கட்ட வேண்டும். படப்பிடிப்பே இல்லாத மாதத்திலும் தவணைத் தேதி மட்டும் தவறாமல் வரும். கேமரா வாங்க ஆசைப்படாத ஒளிப்பதிவாளரை நான் பார்த்ததில்லை. ஆனால் நான்கு ஆண்டில் பழசாகிவிடும் பொருளுக்கு ஐந்தாண்டுக் கடனா?

உங்கள் கடிதத்தில் என்னைத் திடுக்கிட வைத்தது கடைசி வரிதான். ஆண்டு வரவு 14 லட்சம் என்றால் 1.4 லட்சம் டிடிஎஸ்ஸாகப் போயிருக்கிறது. வரிச் சட்டம் திரைப்படக் கலைஞர் என்று சொல்லும் பட்டியலில் ஒளிப்பதிவாளரும் உண்டு. அனுமான வருமான முறையில் வரவில் பாதியை, அதாவது 7 லட்சத்தை, வருமானமாகக் காட்டலாம். 2025-26 நிதியாண்டு முதல் புதிய வரி முறையில் 12 லட்சம் வரை வரி இல்லை. வேறு வருமானம் இல்லையென்றால் பிடித்த தொகை முழுவதும் திரும்ப வர வேண்டியது! கெடு தவறியிருந்தாலும் நிதியாண்டு முடிந்த அதே ஆண்டின் டிசம்பர் 31 வரை அபராதத்துடன் தாக்கல் செய்யலாம். பழைய ஆண்டுகளுக்கு ஆடிட்டரைப் பாருங்கள். வரவு 20 லட்சத்தைத் தாண்டாதவரை ஜிஎஸ்டி கவலை வேண்டாம்.

சம்பளம் எல்லாம் ஒரே கணக்கில் விழட்டும். அதிலிருந்து மாதம் 60,000 ரூபாய் மட்டும் வீட்டுக்கு எடுங்கள். ஆறு மாதத்துக்கான 3.6 லட்சம் லிக்விட் ஃபண்டில் (வேண்டும்போது சீக்கிரம் பணமாக்கக்கூடிய மியூச்சுவல் ஃபண்ட்) சேரும்வரை வேறு முதலீடு எதற்கும் போகாதீர்கள்.

கை அரித்தால் நல்ல லென்ஸ் ஒன்று வாங்குங்கள். கேமராவைப் போல் அது சீக்கிரம் விலை இறங்காது. சென்னை ஈரப்பதத்தில் பூஞ்சை பிடிக்காமல் வைக்க உலர் பெட்டிக்கும் சேர்த்துப் பணம் ஒதுக்குங்கள்.