காமெடி ஆப்பரெட்டாவை (பாட்டும் வசனமும் கலந்த இசை நாடகம்) பொம்மைகளை வைத்து டிவிக்கு எடுத்தால் எடுபடுமா? எதை வெட்டலாம்?

தாராளமாக எடுபடும். கில்பர்ட் எழுதி சல்லிவன் இசையமைத்த 'எச்.எம்.எஸ். பினஃபோர்' (லண்டன், 1878) நாடகத்தை அரை மணி நேர டிவி நிகழ்ச்சியாகச் செய்தபோது, கேப்டன் பொம்மைக்குள் இருந்தது என் கைதான்.

முதலில் நாங்கள் வெட்டியது கோரஸை, அதாவது சேர்ந்து பாடும் மாலுமிக் கூட்டத்தை. ஆறு மாலுமிகளுக்கு ஆறு கைகள் வேண்டும், ஆள் இல்லை. அது பெரிய தப்பு. இந்த நாடகத்தில் சிரிப்பே கோரஸிடம்தான் இருக்கிறது. கடலில் தனக்கு ஒருநாளும் குமட்டியதே இல்லை என்று கேப்டன் பெருமையாகப் பாடுவார். ஒருநாளுமா என்று மாலுமிகள் கேட்பார்கள். ஆமாம் என்பார். மறுபடியும் கேட்பார்கள். அப்போதுதான், ஏதோ எப்போதாவது என்று இறங்கி வருவார். மாலுமிகளை எடுத்துவிட்டால் அவர் யாரிடம் மாட்டிக்கொள்வார்?

கடைசியில் ஆறு பொம்மைகளையும் ஒரே கட்டையில் வரிசையாகப் பொருத்தி, தலைகளை ஒரு கம்பியால் இணைத்தோம். ஒருவர் இழுத்தால் ஆறு தலைகளும் ஒன்றாகக் கேப்டன் பக்கம் திரும்பும். மனிதர்கள் எவ்வளவு ஒத்திகை பார்த்தாலும் அந்தத் துல்லியம் வராது. கில்பர்ட்டே வீட்டில் சின்ன மாதிரி மேடை வைத்து, நடிகர்களுக்குப் பதிலாக மரக்கட்டைகளை நகர்த்தித்தான் யார் எங்கே நிற்பது என்று முடிவு செய்வார் (ஆண்களுக்கு 3 அங்குலக் கட்டை, பெண்களுக்கு இரண்டரை). அவருடைய நாடகங்கள் பொம்மைகளுக்கு இவ்வளவு பொருந்துவதற்கு அதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

வெட்டித்தான் ஆக வேண்டும் என்றால் காதல் பாட்டுகளில் கை வையுங்கள். நிதானமான மெட்டில் அசையாத முகம் சீக்கிரம் சலித்துவிடும்.

பாட்டை முதலிலேயே பதிவு செய்துகொள்ளுங்கள். வேகமான பாட்டில் ஒவ்வொரு அசைக்கும் வாயைத் திறந்தால் பொம்மை எதையோ மெல்வது போலிருக்கும். அழுத்தம் விழும் இடத்தில் மட்டும் திறந்தால் போதும். 1965-ல் வந்த தண்டர்பேர்ட்ஸ் என்ற பொம்மைத் தொடரில், பதிவான குரலே தலைக்குள் இருந்த மின்கருவி வழியாக உதட்டை அசைத்தது. எங்களுக்கு விரல்கள்தான். அப்புறம், கையைத் தூக்கிப் பிடித்தபடி மானிட்டரைப் பார்த்தே இயக்க வேண்டும். அது கண்ணாடி போல இடவலம் மாற்றிக் காட்டாது. எனக்குப் பழகவே வாரக்கணக்கில் ஆனது.

மாலுமிகள் இரண்டாவது முறை கேட்டதும் கேப்டன் உடனே பதில் சொல்லக் கூடாது. அந்த இடைவெளியைப் பதிவிலேயே விட்டுவிடுங்கள். நாங்கள் ஒரு நொடி விட்டிருந்தோம். ஆறு தலைகளும் திரும்பி நிற்க ஒன்றரை நொடி ஆனது. அதற்காகவே பாடகரை மறுபடி வரவழைத்து, அந்த ஒரு வரியைத் திரும்பப் பதிவு செய்தோம்.