ப்ளூஸ் பியானோ வாசிப்பவர் இசைத் தயாரிப்பாளராக மாறுவது எப்படி? நல்ல உதாரணம் யார்?

ஆலன் டூசான்ட். இதற்கு அவரைவிடத் தெளிவான உதாரணம் கிடையாது.

நம் சினிமாவில் தயாரிப்பாளர் என்றால் பணம் போடுபவர். இங்கே சொல்வது வேறு வேலை: பாட்டைத் தேர்ந்தெடுப்பது, யார் எதை வாசிக்க வேண்டும் என்று பிரித்துக் கொடுப்பது, பாடகரை வழிக்குக் கொண்டுவருவது, எந்த டேக் (ஒரு முறை வாசித்துப் பதிந்தது) போதும் என்று முடிவு செய்வது.

டூசான்ட் 1938இல் அமெரிக்காவின் நியூ ஆர்லியன்ஸில் பிறந்தவர். அந்த ஊர்ப் பியானோக்காரர் புரொஃபசர் லாங்ஹேரின் பாணியில் ஊறிய கை. அதைக் கொஞ்சம் வாசித்துப் பார்த்தால்தான் மற்றது விளங்கும். சி மேஜரில் ஒரு பாரை (ஒரு தாளச் சுற்றை) எட்டாக எண்ணுங்கள். இடது கையில் 1இல் சி, 4இல் இ, 7இல் ஜி. மூன்று, மூன்று, இரண்டு என்று விழும் இந்த நடை கியூபா பக்கத்திலிருந்து வந்தது. வலது கையில் ப்ளூஸ்: இ ஃப்ளாட்டை லேசாகத் தொட்டு இ-க்கு வழுக்க வேண்டும். கார்டுகளின் சுற்று 12 பார்: சி 4, எஃப் 2, சி 2, ஜி 1, எஃப் 1, சி 2. இரண்டு கையே ஒரு முழு பேண்டு ஆகிவிடும்.

சிக்கலும் அதில்தான். பக்கத்தில் பேஸ் வாசிப்பவர் வந்ததும், அவருடைய ஸ்வரங்களும் பியானோவின் இடது கையும் ஒரே தாழ்ந்த ஸ்தாயியில் மோதும். பதிவில் ‘கொழகொழ’ என்று கேட்கும். எல்லோரும் ஒரே அறையில், சில மைக்குகளுக்கு முன்னால் வாசித்த காலத்தில் அதைப் பிறகு சரிசெய்ய வழியில்லை. நியூ ஆர்லியன்ஸ் கண்ட தீர்வு, அந்த இடது கை நடையை பேஸுக்கும் கிட்டாருக்கும் சாக்ஸஃபோனுக்கும் கொடுத்துவிடுவது. பியானோ நடு சி-க்கு மேலேயே நின்று, பாட்டின் இடைவெளிகளில் மட்டும் பேசும். என் பார்வையில் பியானோக்காரர் தயாரிப்பாளராகும் இடம் இதுதான்: தன் கையிலிருப்பதை அடுத்தவருக்குக் கொடுக்கத் தெரிவது. கொடுக்க மனம் வராதவர்களின் பதிவில் பாடகரின் குரல் பியானோவுக்கு அடியில் போய்விடும்.

1957இல், பியானோ வாசித்துப் பாடும் ஃபேட்ஸ் டாமினோ சுற்றுப்பயணத்தில் இருந்தபோது, அவருடைய ஒரு பாட்டுக்கு அவர் மாதிரியே பியானோ வாசிக்க அவருடைய தயாரிப்பாளர் டேவ் பார்த்தலமியூ டூசான்ட்டைக் கூப்பிட்டார். அடுத்தவர் கையாக மாறும் பயிற்சி அங்கேயே கிடைத்துவிட்டது. 1960இல் மினிட் என்ற இசைத்தட்டு கம்பெனியில் தயாரிப்பு வேலை.

1961இல் எர்னி கே-டோ பாடிய ‘மதர்-இன்-லா’ அமெரிக்காவில் முதலிடம் பிடித்தது. அந்தப் பாட்டு குப்பைக்குப் போயிருக்க வேண்டியது. கே-டோ முதலில் கத்திப் பாட, வெறுத்துப்போன டூசான்ட் தாளைக் கசக்கி எறிந்துவிட்டார். பின்னணி பாட வந்த ஒருவர்தான் அதை எடுத்து, இன்னொரு முறை பார்க்கலாம் என்றார். அடங்கிப் பாடியதும், பென்னி ஸ்பெல்மனின் கனத்த குரல் தலைப்பை மட்டும் திருப்பிச் சொன்னதும் பாட்டைத் தூக்கிவிட்டன.

1963 முதல் இரண்டு வருடம் ராணுவம். திரும்பி வந்து, இசைத்தட்டுத் தொழிலில் இருந்த மார்ஷல் சீஹார்னோடு கூட்டு சேர்ந்தார். பாடகர் லீ டார்சியின் பதிவுகள், மீட்டர்ஸ் இசைக்குழு, 1973இல் இருவரின் சொந்த சீ-செயின்ட் ஸ்டுடியோ. லபெல் குழுவின் ‘லேடி மார்மலேட்’ அங்கே பதிவாகி 1975இல் முதலிடம் வந்தது.

இந்தத் தொழிலுக்கு வருபவர்கள் இரண்டு விஷயம் கவனிக்க வேண்டும். ஒன்று, எழுத்துரிமை. டூசான்ட் பல பாடல்களைத் தாயாரின் பெயரான நயோமி நெவில் என்ற பெயரில் பதிந்தார். 1977இல் அவருடைய ‘சதர்ன் நைட்ஸ்’ பாட்டை கிளென் கேம்பெல் பாடி முதலிடம் கொண்டுபோனார். ஸ்டுடியோ சம்பளம் ஒரு முறைதான், பாட்டு எழுதிய பங்கு ஒவ்வொரு முறையும் வரும். இன்னொன்று, நோட்டேஷன் எழுதும் கை. 1971 கடைசியில் ‘தி பேண்ட்’ என்ற ராக் குழுவின் நியூயார்க் கச்சேரிக்கு அவர் எழுதிய ஊதுகருவிகளுக்கான தாள்கள் விமான நிலையத்தில் பெட்டியோடு தொலைந்தன. நியூயார்க் மாநிலத்தின் வுட்ஸ்டாக் ஊரில் உட்கார்ந்து அத்தனையையும் திரும்ப எழுதிக் கொடுத்தார்.

2005 கத்ரீனா புயலில் வீடும் ஸ்டுடியோவும் போனபின், நியூயார்க்கில் ஜோஸ் பப் என்ற சிறிய அரங்கின் மேடையில் தனியாகப் பியானோவில் உட்கார்ந்தார். அந்தக் காலத்துத் தனிப் பியானோ பதிவு கிடைத்தால் கேளுங்கள்: நாற்பது வருடம் மற்றவர்களுக்குக் கொடுத்திருந்த அந்த இடது கை முழுதாகக் கேட்கும்.