17(ஆ) குறிப்பாணை வந்துவிட்டால் தண்டனை உறுதிதானா?

நண்பர் கேட்டிருப்பது இது: நான்கு வருடத்துக்கு முந்தைய கோப்பு ஒன்றுக்காக இப்போது 17(ஆ), அதாவது தமிழக அரசு ஊழியர் ஒழுங்கு விதிகளின்படி பெரிய தண்டனைக்கு வழிவகுக்கும் குற்றச்சாட்டுக் குறிப்பாணை, வந்திருக்கிறது. விசாரணை அலுவலராகப் போடப்பட்டவரும் அதே அலுவலகத்து அதிகாரி. எல்லாம் கண்துடைப்புதான் என்றால், பேசாமல் மன்னிப்புக் கடிதம் கொடுத்து முடித்துக்கொள்ளலாமா?

செய்யாத தவறுக்கு அந்தக் கடிதத்தைக் கொடுக்காதீர்கள். தமிழக அரசு அலுவலகம் ஒன்றில் ஒழுங்கு நடவடிக்கைக் கோப்புகளைப் பார்க்கும் சீட்டில் பல வருடம் இருந்தவன் நான். குறிப்பாணைகளுக்கு வரைவு எழுதுவதே என் வேலை. மேசையின் அந்தப் பக்கம் உங்கள் கடிதம் எப்படிப் படிக்கப்படும் என்று தெரிந்துதான் சொல்கிறேன்.

'தெரியாமல் நடந்துவிட்டது, கருணை கூர்ந்து மன்னிக்கவும்' என்று எழுதினால், எங்கள் குறிப்பில் அது 'குற்றச்சாட்டை ஒப்புக்கொண்டுள்ளார்' என்று ஏறும். ஒப்புக்கொள்ளாத குற்றச்சாட்டுக்குத்தான் வாய்மொழி விசாரணை, அதாவது சாட்சிகளை நேரில் அழைத்து நடத்தும் விசாரணை. அந்த ஒரு வரியோடு சாட்சி, ஆவணம், குறுக்கு விசாரணை எல்லாம் போய்விடும். இளநிலை உதவியாளர் ஒருவர், 'எழுதிக் கொடும்மா, சின்னதா முடிச்சிடுவாங்க' என்று கண்காணிப்பாளர் சொன்னதைக் கேட்டு எழுதிக் கொடுத்தார். மூன்று ஆண்டு ஊதிய உயர்வு தொடர் விளைவுடன் நிறுத்தப்பட்டது. தொடர் விளைவு என்றால் அந்த இழப்பு ஓய்வூதியம் வரை கூடவே வரும். அவர் மேல் இருந்த குற்றச்சாட்டில் பாதி, அவர் அந்த சீட்டுக்கு வருவதற்கு முன்னால் நடந்தது. தேதிகளை யாரும் பார்க்கவில்லை. வரைவு எழுதிய நானும் பார்க்கவில்லை.

அப்புறம், குறிப்பாணையின் கடைசிப் பத்தியைப் படித்தீர்களா? வாய்மொழி விசாரணை வேண்டுமா, நேரில் கேட்கப்பட்டால் போதுமா என்று அதில் கேட்டிருக்கும். பதற்றத்தில் பலர் இதற்குப் பதிலே எழுதுவதில்லை. நம்முடைய ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளின்படி, ஊழியர் கேட்டால் அல்லது அதிகாரி உத்தரவிட்டால்தான் வாய்மொழி விசாரணை நடக்கும். எனவே 'வேண்டும்' என்று தெளிவாக எழுதுங்கள்.

விளக்கம் எழுதும் முன் ஆவண நகல்களைக் கேளுங்கள், அதுவும் எழுத்தில். எந்தப் பதிவேடு, எந்தப் பக்கம், எந்த அறிக்கை என்று பட்டியல் போட்டுக் கேளுங்கள். தர மறுத்தால் மறுப்பும் எழுத்தில் வரட்டும். முதல்கட்ட விசாரணையில் யாரோ கொடுத்த வாக்குமூலத்தை அடிப்படையாக வைத்துக் குற்றம் சாட்டியிருந்தால், அந்த ஆள் விசாரணைக்கு வந்து சொல்ல வேண்டும், நீங்கள் குறுக்கு விசாரணை செய்ய இடம் தர வேண்டும். கோப்பில் காகிதம் இருப்பதாலேயே அது நிரூபணம் ஆகிவிடாது. ஆனால் கிரிமினல் வழக்கு மாதிரி 'சந்தேகத்தின் பலன் எனக்கே' என்று நம்பி உட்கார வேண்டாம். துறை விசாரணையில் எது நடந்திருக்க அதிக வாய்ப்பு என்ற அளவு நிரூபித்தாலே போதும்.

விசாரணை அலுவலர் விஷயம். ஒரே அலுவலகத்துக்காரர் என்பதை மட்டும் வைத்து அவரைப் பாரபட்சமானவர் என்று சொல்ல முடியாது. உங்கள் மேல் அறிக்கை கொடுத்தவரே அவர் என்றாலோ, சாட்சிப் பட்டியலில் அவர் பெயர் இருந்தாலோ கதை வேறு. உத்தரப் பிரதேசத்து ஏட்டு ஒருவரின் வழக்கில், விசாரித்த அதிகாரியே இடையில் எழுந்து போய்ச் சாட்சி சொல்லிவிட்டு மறுபடி வந்து விசாரணை நாற்காலியில் உட்கார்ந்தார். 1957இல் உச்ச நீதிமன்றம் இதைக் கடுமையாகக் கண்டித்தது. (அந்த ஏட்டு வேறொரு சட்டக் காரணத்தால் வழக்கில் தோற்றார், அது தனிக்கதை.) விசாரணை அலுவலர் துறையின் பிரதிநிதி போல நடக்கக் கூடாது என்று 2010இலும் அதே நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. உங்கள் ஆட்சேபத்தை முதல் அமர்வுக்கு முன்பே எழுதிக் கொடுங்கள். முழு விசாரணையிலும் சும்மா உட்கார்ந்துவிட்டு, தண்டனை வந்த பிறகு பாரபட்சம் என்றால் யாரும் கேட்க மாட்டார்கள்.

விசாரணை அறிக்கை உங்களுக்குப் பாதகமாக வந்தாலும் அங்கேயே முடிந்துவிடாது. தண்டிக்கும் அதிகாரி முடிவெடுக்கும் முன் அறிக்கையின் நகலை உங்களுக்குத் தந்து, உங்கள் பதிலையும் பெற வேண்டும். 1993இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு தந்த தீர்ப்பு இது. குற்றம் நிரூபணமாகவில்லை என்று அறிக்கை சொல்லியும் மேலதிகாரி உடன்படவில்லை என்றால், ஏன் உடன்படவில்லை என்ற காரணத்தைத் தற்காலிகக் கருத்தாக உங்களிடம் தெரிவித்துப் பதில் கேட்ட பிறகே மாற்றி முடிவெடுக்கலாம். அரசியல் சாசனத்தின் 311ஆம் பிரிவு அரசு ஊழியருக்குத் தரும் நியாயமான வாய்ப்பு நடைமுறையில் இப்படித்தான் கைக்கு வருகிறது. வாரியம், கழக ஊழியர்களுக்கு 311 நேரடியாகப் பொருந்தாது. ஆனால் ஒருவர் தரப்பைக் கேட்காமல் தண்டிக்கக் கூடாது என்ற இயற்கை நீதி அவர்களுக்கும் உண்டு.

நான்கு வருடத் தாமதத்தைக் காட்டி உயர் நீதிமன்றத்தில் ரத்து வாங்கலாம் என்று யாராவது சொல்லியிருப்பார்கள். தமிழ்நாடு வீட்டுவசதி வாரியப் பொறியாளர் ஒருவருக்கு 1990இல் நடந்ததற்காக 2000இல் குறிப்பாணை கொடுத்தார்கள். சரியான விளக்கம் இல்லாத தாமதம் என்று 2005இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. அங்கே பத்து வருடம். உங்களுக்கு நான்கு. தாமதத்துக்குத் துறை என்ன காரணம் சொல்கிறது, அதனால் உங்கள் தரப்பில் எந்தப் பதிவேடு அழிந்தது, எந்தச் சாட்சி ஓய்வுபெற்றுப் போனார் என்பதை வைத்துத்தான் அந்த வாதம் எடுபடும். அதையும் இப்போதே விளக்கத்தில் எழுதிவிடுங்கள்.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். நடைமுறைத் தவறைக் காட்டி நீதிமன்றத்தில் ஜெயிப்பவர்களில் பலர் வீட்டுக்கு வெற்றியோடு போவதில்லை. தவறு நடந்த கட்டத்திலிருந்து மறுபடி விசாரியுங்கள் என்று கோப்பு திரும்பி வரும். அதுவரை பதவி உயர்வுப் பட்டியலில் பெயர் சேராது. எங்கள் சீட்டுக்கு அப்படித் திரும்பி வந்த கோப்புகளில் சிலவற்றுக்கு உரியவர்கள் ஓய்வு வயதை நெருங்கியிருந்தார்கள். அதனால்தான் உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவைவிட முதல் விளக்கத்துக்கு அதிக நேரம் செலவழியுங்கள் என்கிறேன்.

குறிப்பாணையில் கொடுத்திருக்கும் கெடு போதாது என்றால், அது முடியும் முன்பே அவகாசம் கேட்டு எழுதுங்கள். நீங்கள் கொடுக்கும் ஒவ்வொரு கடிதத்துக்கும் தபால் பிரிவில் தேதி முத்திரையோடு நகல் வாங்கி வீட்டில் வையுங்கள். அலுவலக டிராயரில் வைக்காதீர்கள்.